கூறு எட்டணா

பழனியிலிருந்து ஒட்டன்சத்திரம் போகும் பஸ்ஸில் ஆயக்குடி வந்துவிட்டதைக் கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடலாம். முதலில் ஜன்னல் வழியாகக் கொய்யா வாசனை ஏறும். வண்டி நிற்பதற்குள் கூடைகள் வந்துவிடும். "கொய்யாவேய், கூறு எட்டணா, கூறு எட்டணா" என்று ஏழெட்டுக் குரல்கள் ஜன்னலுக்கு ஜன்னல் ஓடும். எழுபதுகளின் கடைசியிலும் எண்பதுகளிலும் அந்தக் குரல்களில் ஒன்று என் அப்பத்தாவுடையது. கூறு என்றால் நாலு காய். மடியில் பிள்ளையோடு யாராவது உட்கார்ந்திருந்தால் ஐந்தாவதும் விழும். சில்லறை இல்லை என்று கையை விரிப்பவரிடம், "திரும்பி வர்றப்பக் குடு சாமி" என்று காயைத் திணித்துவிட்டு அடுத்த ஜன்னலுக்குப் போய்விடுவாள். அந்த ஆள் அதே பஸ்ஸில் திரும்பி வருவானா என்று அவள் ஒருநாளும் கவலைப்பட்டதில்லை. அப்பாதான் கவலைப்படுவார்.

அப்பா தோப்புக் குத்தகைக்காரர். சொந்தமாக ஒரு கொய்யா மரம்கூட எங்களுக்குக் கிடையாது. தோப்பு வைத்திருப்பவர்களிடம் பூவையும் பிஞ்சையும் பார்த்து மொத்தமாக விலை பேசி, காவல் காத்து, பறித்து, விற்பதுதான் தொழில். லக்னோ 49 என்ற ரகம் எங்கள் வீட்டுப் பேச்சில் தினமும் அடிபடும். பள்ளிக்கூடத்தில் லக்னோ உத்தரப்பிரதேசத்தின் தலைநகரம் என்று டீச்சர் சொன்னபோது எனக்கு நம்பிக்கை வரவில்லை. அது எங்கள் குத்தகைத் தோப்பில் தெற்கு வரிசையில் அல்லவா இருந்தது!

விடிவதற்கு முன்னால் பறிப்பு தொடங்கும். வெயில் ஏறிவிட்டால் காய் சூடாகிச் சீக்கிரம் தளர்ந்துவிடும் என்பார் அப்பா. பறித்ததைச் சாக்கில் கொட்டி எல்லோரும் சுற்றி உட்கார்ந்து பிரிப்போம். பெருவெட்டு தனியாக, நடுத்தரம் தனியாக, பொடி தனியாக. பெருவெட்டு பெட்டியில் அடுக்கப்பட்டு, வைக்கோல் வைத்துக் கட்டப்பட்டு, மதுரைக்கும் கேரளாவுக்கும் லாரி ஏறும். பொடி அப்பத்தாவின் கூடைக்கு. வெடித்தது, அடிபட்டது, அணில் கடித்தது, இந்த மூன்றும் எங்களுக்கு. அணில் கடித்த பழத்தின் ருசிக்கு ஈடு கிடையாது. மரத்திலேயே எது பழுத்தது என்று அதற்குத்தான் தெரியும். கடித்த பக்கத்தைக் கத்தியால் சீவிவிட்டு மிச்சத்தைத் தின்போம். இன்று நிபா காய்ச்சலைப் பற்றித் தெரிந்த பிறகு, வௌவாலோ அணிலோ கடித்த பழத்தை யார் வாயிலும் வைக்கச் சொல்ல மாட்டேன். ருசியைப் பற்றி மட்டும் பொய் சொல்ல முடியாது.

கொய்யா தின்றால் சளி பிடிக்கும் என்று பஸ்ஸில் வரும் வெளியூர்க்காரர்கள் சொல்வார்கள். கொட்டையை விழுங்கினால் குடலில் சிக்கி ஆபரேஷன் வரை கொண்டுபோய் விடும் என்று எங்கள் ஊரிலேயே சொல்வார்கள். அப்பத்தாவுக்கு இரண்டிலும் நம்பிக்கை கிடையாது. இருந்தால் வியாபாரம் செய்ய முடியுமா? அவளுடைய விளம்பரமே வேறு மாதிரி. "ராத்திரி ரெண்டு தின்னுட்டுப் படு கண்ணு, காலையில காட்டுப்பக்கம் போனா ரொம்ப நேரம் குந்த வேண்டியதில்ல." பஸ் முழுக்கச் சிரிக்கும், கூடையும் காலியாகும். அவள் சொன்னது சரிதான். நூறு கிராம் கொய்யாவில் 5 கிராமுக்கு மேல் நார்ச்சத்து இருக்கிறது. வாழைப்பழத்தில் இருப்பதைப்போல இரண்டு மடங்கு. குடலில் நீரைப் பிடித்துவைத்து மலத்தை இளக்குவதும், சாப்பிட்டபின் ரத்தத்தில் சர்க்கரை சட்டென்று ஏறாமல் பார்த்துக்கொள்வதும் அந்த நார்தான். கொட்டை மலத்தோடு வெளியே போய்விடும். சளிக்கு வைரஸ் காரணம். கொய்யாவுக்கும் அதற்கும் எந்தப் பாத்தியதையும் இல்லை.

வீட்டுக்குப் பின்னால் பாத்திரம் கழுவும் தண்ணீர் போய்த் தேங்குகிற இடத்தில் இரண்டு பப்பாளி, அதைத் தாண்டி வேலியோரம் ஒரு முருங்கை. யாரும் நட்டதாக நினைவில்லை. பப்பாளி காக்கை போட்ட விதை என்பார்கள். முருங்கை, காற்றில் முறிந்த கிளையை அம்மா வேலிக்கு ஊன்றியதில் துளிர்த்ததாம். வீட்டு வாசலில் முருங்கை வைக்கக் கூடாது, வேதாளம் குடிவரும் என்று பெரியவர்கள் சொல்வதற்குப் பின்னால் கம்பளிப்பூச்சியும் சடசடவென முறியும் கிளையும் ஒளிந்திருக்கின்றன. பின்பக்கம் வைத்தால் வேதாளத்துக்கு ஆட்சேபணை இல்லை போலும்.

முருங்கைக்கீரை உருவுவது என்பது பிள்ளைகளின் வேலை. எனக்கும் தம்பிக்கும் பிடிக்காத வேலை. அந்தச் சின்னஞ்சிறு இலைகளைக் காம்பிலிருந்து பிரித்தெடுப்பதற்குள் பொழுது போய்விடும். அப்பத்தா ஒரு வழி வைத்திருந்தாள். சாயங்காலமே கொத்துகளை ஒடித்து, பழைய வேட்டித் துணியில் இறுக்கிச் சுற்றிச் சுவரோரம் வைத்துவிடுவாள். காலையில் துணியைப் பிரித்து உதறினால் இலை எல்லாம் தானாகக் கொட்டியிருக்கும். அன்றைக்குத் தண்ணிச்சாறு. அரிசி களைந்த இரண்டாம் தண்ணீரில் வெந்த துவரம்பருப்பு, சின்ன வெங்காயம், பூண்டு, சீரகம், கடைசியில் கீரை. கீரையைப் போட்ட பிறகு மூடக் கூடாது, பச்சை நிறம் போய்விடும் என்பாள். மேலே நல்லெண்ணெயில் வரமிளகாய் தாளித்து ஊற்றும்போது எழும் வாசனைக்கு எதிர்வீட்டு நாய் வந்து நிற்கும். கம்மஞ்சோற்றுக்கு அதை ஊற்றிப் பிசைந்து தின்பதற்கு நாங்கள் அழுவோம். வேண்டும் என்று அழவில்லை, வேண்டாம் என்று அழுவோம். அரிசிச் சோறும் கத்தரிக்காய்ப் புளிக்குழம்பும் உள்ள வீடுகள்தான் எங்கள் பார்வையில் வசதியான வீடுகள்.

எங்கள் வகுப்பில் ஒரு பையன் இருந்தான். பகலில் கில்லி அடித்தால் அவனை யாரும் ஜெயிக்க முடியாது. பொழுது சாய்ந்ததும் எங்கேயாவது ஒரு சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றுவிடுவான். கூப்பிட்டால் வர மாட்டான். திண்ணையில் உட்கார்ந்திருக்கும் ஆளின் கால் தடுக்கி விழுவான். நாங்கள் எல்லாம் அவன் முன்னால் விரலைக் காட்டி, "இது எத்தனை, சொல்லு" என்று கேட்டுச் சிரித்திருக்கிறோம். அவன் அம்மா சாமி குற்றம் என்று நினைத்து எங்கெங்கோ முடிச்சுப் போட்டுப் பார்த்தாள்.

பிள்ளைகளுக்கு ஊசி போட வரும் நர்சம்மா ஒருநாள் அவனைப் பிடித்து வெளிச்சத்துப் பக்கம் திருப்பிக் கண்ணிமையை விலக்கிப் பார்த்தார். நானும் எட்டிப் பார்த்தேன். வெள்ளை விழியில் கருவிழியை ஒட்டிச் சோப்பு நுரை காய்ந்ததுபோல ஒரு திட்டு. பையிலிருந்து ஒரு பாட்டிலை எடுத்து, மஞ்சள் நிறத்தில் கெட்டியாக இருந்த மருந்தைக் கரண்டியில் ஊற்றி அவன் வாயில் விட்டார். அப்புறம் அவன் அம்மாவிடம் நடந்த பேச்சு எனக்கு இன்னும் மறக்கவில்லை.

"வீட்ல முருங்கை இருக்குதா?"

"இருக்குதுங்க நர்சம்மா. ரெண்டு மரம்."

"கீரையை என்ன பண்றீங்க?"

"ஆட்டுக்கு ஒடிச்சுப் போடுவனுங்க."

நர்சம்மா கொஞ்சநேரம் பேசவில்லை. பிறகு, "ஆட்டுக்குப் போடறதுல ஒரு கைப்பிடி இவனுக்கும் போடு. சும்மா வேகவெக்காத, ரெண்டு சொட்டு எண்ணெய் விட்டுத் தாளி. பப்பாளிப் பழம் இருந்தா அதையும் குடு" என்றார்.

கொஞ்ச நாளில் அந்தப் பையன் இருட்டும் வரை எங்களோடு ஓடினான். கரண்டி மருந்தின் வேலை அது. கண்ணில் அந்தத் திட்டு வந்தபிறகு கீரையை மட்டும் நம்பிக்கொண்டு இருக்க முடியாது. ஆனால் அது மறுபடி வராமல் பார்த்துக்கொண்டது ஆடுகளின் பங்கிலிருந்து பிடுங்கிய அந்த ஒரு கைப்பிடி என்றுதான் நினைக்கிறேன். மங்கிய வெளிச்சத்தில் பார்ப்பதற்கு விழித்திரையில் ஒரு நிறமிப் பொருள் வேண்டும். அதை உண்டாக்க வைட்டமின் ஏ வேண்டும். முருங்கைக்கீரையிலும் பப்பாளியிலும் மாம்பழத்திலும் உள்ள பீட்டா கரோட்டினை உடம்பு வைட்டமின் ஏ ஆக மாற்றிக்கொள்ளும். அது கொழுப்பில் கரைகிற பொருள் என்பதால் எண்ணெய் இல்லாவிட்டால் உடம்பில் சரியாகச் சேராது. நர்சம்மா சொன்ன இரண்டு சொட்டு எண்ணெய் ருசிக்காகச் சொன்னதில்லை என்பது எனக்கு ரொம்ப நாள் கழித்துத்தான் தெரிந்தது.

1982 ஜூலையில் சத்துணவு வந்தது. நான் அப்போது நாலாம் வகுப்பு. எம்.ஜி.ஆர். திருச்சிப் பக்கம் பாப்பாக்குறிச்சியில் தொடங்கிவைத்த படத்தைப் பேப்பரில் பார்த்தோம். எங்கள் பள்ளிக்கூடத்தின் பின்பக்கம் கூரை போட்டு அடுப்பு மூட்டினார்கள். ஆயா சமைக்கிற சாம்பாரில் அந்த வாரம் எது மலிவோ அது கிடக்கும். ஒரு வாரம் பூசணி, ஒரு வாரம் முள்ளங்கி. பள்ளி வேலிக்குள்ளும் முருங்கைக் கொம்பு ஊன்றச் சொல்லி உத்தரவு வந்திருந்தது. ஆயா அதில் கீரை ஒடித்துச் சாம்பாரில் போட்டபோது நானும் தம்பியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். வீட்டில் தப்பித்தாலும் இங்கே தப்ப முடியாது என்று ஆகிவிட்டது.

பள்ளிக்கூட வாசலில் ஒரு ஆத்தா சாக்கு விரித்து உட்கார்ந்திருப்பாள். இலந்தை, கொடுக்காப்புளி, நாவற்பழம், கீறின மாங்காய், உப்புத் தண்ணீரில் ஊறிய பெருநெல்லி. அரைநெல்லியைத்தான் பிள்ளைகள் அதிகம் வாங்குவார்கள், அது வாய்க்கு அடக்கம். சத்துக் கணக்கில் பெருநெல்லியின் பக்கத்தில் அரைநெல்லி நிற்க முடியாது. 1940 வாக்கில் வடக்கே ஹிசார் பகுதியில் பஞ்சம் வந்து, காய்கறியே கண்ணில் படாமல் ஜனங்களுக்கு ஈறு வீங்கி ரத்தம் கசிந்தபோது, நெல்லிப்பொடியைக் கொடுத்துத்தான் தேற்றினார்கள். ஆத்தாவுக்கு ஹிசாரும் தெரியாது, வைட்டமின் சி குறைந்தால் வரும் ஸ்கர்வி என்ற அந்த நோயும் தெரியாது. நெல்லியைக் கடித்துவிட்டுப் பள்ளிக்கூடக் குழாயில் தண்ணீர் குடித்தால் இனிக்கும் என்பதை வைத்துத்தான் அவள் வியாபாரம் நடந்தது.

இனி, இவை எதற்கும் இல்லாத மரியாதை பெற்ற ஆப்பிளுக்கு வருகிறேன்.

தம்பிக்கு ஒரு மழைக்காலத்தில் டைபாய்டு வந்தது. பழனியில் ஓர் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தோம். தேறி வரும்போது டாக்டர் "பழம் ஏதாவது குடுங்க" என்றார். பழம் என்று டாக்டர் சொன்னால் எங்கள் வீட்டில் அதற்கு ஒரே அர்த்தம். அன்று காலை அப்பத்தா கொண்டுவந்திருந்த கூடை நிறையக் கொய்யா ஆஸ்பத்திரி வாசலிலேயே இருந்தது. அதை பஸ் ஸ்டாண்டுக்குக் கொண்டுபோய் விற்று, வந்த காசில் அப்பா நாலு ஆப்பிள் வாங்கி வந்தார். ஊதா நிறத் தாளில் ஒவ்வொன்றாகச் சுற்றியிருந்தது. காஷ்மீரிலிருந்தோ இமாசலத்திலிருந்தோ எத்தனை நாள் லாரியில் வந்ததோ, தோல் லேசாகச் சுருங்கியிருந்தது. அம்மா ஒன்றை எட்டாக நறுக்கினாள். தம்பிக்கு ஆறு துண்டு, எனக்கு ஒன்று, பக்கத்துக் கட்டில் பாட்டிக்கு ஒன்று. தாளை நான் மடித்துப் பாடப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டேன். பார்க்க வந்தவர்கள் எல்லாம் ஆளுக்கு இரண்டு ஆப்பிளும் ஒரு ரொட்டிப் பொட்டலமும் வைத்துவிட்டுப் போனார்கள். கொய்யாச் சந்தைக்காரர்கள்கூட! ஒருவர் கையிலும் கொய்யா இல்லை. அவரவர் தோப்புக் காயைக் கையில் எடுத்துவருவது நோயாளிக்குச் செய்யும் மரியாதைக் குறைவு.

பிற்பாடு காந்திகிராமத்தில் மனையியல் படிக்கப் போனேன். முதல் வருஷமே ஒரு தடிமனான அட்டவணைப் புத்தகத்தைக் கையில் கொடுத்தார்கள். இந்திய உணவுகளின் சத்து மதிப்பு. நம் ஊர்களில் விளையும் தானியம், கீரை, காய், பழம், மீன் என்று ஒவ்வொன்றிலும் நூறு கிராமுக்கு எது எவ்வளவு என்று பக்கம் பக்கமாக எண்கள். அதை உருவாக்கியவர்களில் முதல் பெயர் சி. கோபாலன். சேலத்தில் 1918இல் பிறந்தவர், நூறு வயதைத் தாண்டி 2019இல் மறைந்தார். அவர் ஹைதராபாத் தேசிய ஊட்டச்சத்து நிறுவனத்தின் இயக்குநராக இருந்த காலத்தில்தான், 1970இல், சின்னப் பிள்ளைகளுக்கு ஆறு மாதத்துக்கு ஒருமுறை வைட்டமின் ஏ கொடுக்கும் தேசியத் திட்டம் தொடங்கியது. நர்சம்மாவின் கரண்டி எங்கிருந்து வந்தது என்று எனக்கு அப்போது புரிந்தது. அந்த நிறுவனத்தின் தொடக்கமும் நம் பக்கம்தான். 1918இல் குன்னூரில் பாஸ்டர் நிறுவனத்தில் ஓர் அறையில் மெக்காரிசன் என்ற பிரிட்டிஷ் மருத்துவர் பெரிபெரி நோயைப் பற்றி ஆராயத் தொடங்கிய இடம் அது. இந்த அட்டவணைப் புத்தகத்தின் மூதாதையான முதல் கையேட்டை அய்க்ராய்டு என்பவர் 1937இல் அங்கிருந்துதான் வெளியிட்டார். ஹைதராபாத்துக்குப் போனது 1958இல். எங்கள் பழனி மலைக்கும் அந்த நீலகிரிக்கும் எவ்வளவு தூரம் இருந்துவிடப் போகிறது!

புத்தகத்தைக் கையில் வாங்கியதும் நான் முதலில் தேடியது கொய்யாவை. வைட்டமின் சி, 212 மில்லிகிராம். அடுத்து ஆப்பிளைத் தேடினேன். ஒன்று. அச்சுப் பிழை என்று நினைத்துப் பக்கத்தில் இருந்த தோழியின் புத்தகத்தையும் வாங்கிப் பார்த்தேன். அதிலும் ஒன்றுதான். ஆரஞ்சு 30, பப்பாளி 57, நெல்லி 600. பின்னால் 2017இல் அதே நிறுவனம் புதிய கருவிகளோடு எல்லாவற்றையும் மறுபடி அளந்தபோது நெல்லியின் எண் வெகுவாக இறங்கியது. இறங்கியும் கொய்யாவுக்கு மேலேயே நிற்கிறது. வளர்ந்த ஆணுக்கு ஒரு நாளைக்குத் தேவை 80 மில்லிகிராம் என்கிறார்கள். நடுத்தரமான ஒரு கொய்யாவைச் சமைக்காமல் கழுவித் தின்றால் அன்றைய பாக்கி தீர்ந்தது.

ஆப்பிள் கெட்ட பழம் என்று சொல்ல வரவில்லை. அதில் நார் உண்டு, பெக்டின் உண்டு, வேறு நல்ல சேர்மானங்களும் உண்டு. மலையில் விளைகிற இடத்தில் அது அங்குள்ளவர்களின் அன்றாடப் பழம். எங்கள் ஊரில் அதற்குக் கொடுத்த விலையில் முக்கால்வாசி லாரி வாடகையும் கிடங்கு வாடகையும் பகட்டும். ஒரு கூடைக் கொய்யாவை விற்று நாலு ஆப்பிள் வாங்கியது எங்கள் அப்பா மட்டுமில்லை, ஆயக்குடியில் பாதிப்பேர் அப்படித்தான். படித்ததை வீட்டில் வந்து சொன்னபோது அப்பா, "அப்ப டாக்டரு ஏன் சொல்லல?" என்றார். டாக்டர் பழம் என்றுதான் சொன்னார், ஆப்பிள் என்று சொல்லவில்லை. அதை நான் வாய்விட்டுச் சொல்லவில்லை.

அம்மாவின் சமையலில் காசு கொடுத்து வாங்காத ஒரு பொருள் தினமும் இருக்கும். ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் காய் வாங்கினால் கடைசியில் ஒரு கை கறிவேப்பிலையும் நாலு காம்பு கொத்தமல்லியும் கொசுறாக விழும். கொசுறு குறைந்தால் அம்மா அடுத்த வாரம் அந்தக் கடைக்குப் போக மாட்டாள். சுண்ணாம்புச் சத்தும் கரோட்டினும் மண்டிக்கிடக்கிற இலை கறிவேப்பிலை. தாளித்த நாலு இலையையும் தட்டோரம் ஒதுக்குவதால் பலன் ஒன்றும் இல்லை என்று அப்பத்தா அதைப் புளி, மிளகாய், உளுந்தோடு அம்மியில் வைத்துத் துவையலாக அரைத்துவிடுவாள். அரைத்த பிறகு எப்படி ஒதுக்குவது?

அதே மார்க்கெட்டில் தக்காளி விலை விழுந்த நாட்களையும் பார்த்திருக்கிறேன். பறிகூலிக்குக்கூடக் கட்டாது என்று வண்டி வண்டியாகச் சாலையோரம் கொட்டிவிட்டுப் போவார்கள். மாடுகள் தின்று தெவிட்டி நிற்கும். அப்பா அன்றைக்கு யாரிடமும் பேச மாட்டார். இன்றைக்குத் தக்காளி, நாளைக்குக் கொய்யா. அம்மா சைக்கிள் கேரியரில் ஒரு கூடை அள்ளி வரச் சொல்லி, நல்லெண்ணெயில் சுருளச் சுருள வதக்கித் தொக்காக்கிப் பீங்கான் ஜாடியில் அடைப்பாள். தக்காளிக்குச் சிவப்பு கொடுக்கும் லைகோபீன் பச்சையாகத் தின்பதைவிட எண்ணெயில் வேகவைத்தால்தான் உடம்பில் நன்றாகச் சேரும். அம்மாவுக்குத் தெரிந்தது தொக்கு மூன்று மாதத்துக்குக் கெடாது என்பது.

வாழையைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் பழனிக்காரி என்று சொல்லிக்கொள்ள முடியாது. விருப்பாச்சி மலைப்பழம் பஞ்சாமிர்தத்துக்குப் போகும். நீர் குறைந்த பழம், பிசைந்து வைத்தாலும் புளிக்காது. முடிக்கொத்து நோய் வந்து மலையில் அந்த வாழை சுருங்கிக்கொண்டே போன காலம் அது, விலை எட்டாத உயரம். நாங்கள் தின்றது பூவனும் நாட்டுப்பழமும்தான். பொட்டாசியம் கணக்கில் இவை ஒன்றும் இளைத்தவை இல்லை. உப்பை அள்ளிப் போட்டுத் தின்கிற நம்மைப் போன்றவர்களுக்கு ரத்த அழுத்தம் கட்டுக்குள் இருக்கப் பொட்டாசியம் உதவும். வாழைத்தண்டுச் சாறு சிறுநீரகக் கல்லைக் கரைக்கும் என்று ஊரே சொன்னது. அதை நிரூபித்த உறுதியான ஆய்வு எதையும் நான் படித்ததில்லை. ஆனாலும் தண்டுப் பொரியல் நார்ச்சத்து மிகுந்தது, விலையும் சொற்பம். மருந்து என்று நினைக்காமல் காய் என்று நினைத்துச் சாப்பிட்டால் போதும்.

பிற்காலத்தில் அங்கன்வாடி மேற்பார்வைப் பணியில் ஊர் ஊராகச் சுற்றினேன். போகிற இடமெல்லாம் தாய்மார்கள் கேட்பது ஒரே கேள்வி: "எந்த டானிக் நல்லதுங்க மேடம்?" கேட்கிற பெண்ணின் பின்னால் வேலியில் முருங்கை ஆடிக்கொண்டிருக்கும். 2019-21 தேசியக் குடும்ப நல ஆய்வின்படி தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுவரை உள்ள பெண்களில் பாதிக்கு மேல் ரத்தசோகை. கீரை தின்றால் மட்டும் இது தீராது. இரும்பு மாத்திரை வேண்டியவர்கள் அதை விழுங்கியே ஆக வேண்டும். கீரையில் இருக்கும் இரும்பை உடம்பு லேசில் எடுத்துக்கொள்ளாது. கூட எலுமிச்சையோ நெல்லியோ கொய்யாவோ சேர்ந்தால் அந்த வைட்டமின் சி இரும்பை உள்ளே இழுத்துக்கொடுக்கும். சாப்பிட்ட கையோடு டீ குடித்தால் அதிலுள்ள துவர்ப்பு இரும்பைக் கட்டிப்போட்டுவிடும். கீரைச்சோற்றுக்கு எலுமிச்சை பிழியுங்கள், டீயை ஒரு மணி நேரம் தள்ளிப்போடுங்கள் என்று நான் சொன்னால், "அவ்வளவுதானா?" என்று ஏமாற்றமாகப் பார்ப்பார்கள். காசு செலவில்லாத யோசனைக்கு அப்படித்தான் மதிப்பு.

கொரோனா வந்த 2020இல் இந்த மதிப்பு எங்கே போய் நிற்கிறது என்று நன்றாகவே பார்த்தேன். வைட்டமின் சி மாத்திரைக்கு மருந்துக்கடை வாசலில் வரிசை. கிவிப் பழத்தை ஒவ்வொன்றாக எண்ணி வாங்கினார்கள். ஆயக்குடியில் அப்பாவின் பழைய கூட்டாளிகள் ஏற்ற லாரி இல்லாமல் காயை மரத்திலேயே விட்டார்கள். கிவியில் உள்ளதைப்போல இரண்டு மடங்கு வைட்டமின் சி கீழே விழுந்து எறும்பு மொய்த்தது. அப்பத்தா இருந்திருந்தால் முகக்கவசம் மாட்டிக்கொண்டு வீடு வீடாகக் கூடையைத் தூக்கியிருப்பாள்.

2024இல் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் வெளியிட்ட வழிகாட்டியில் ஒரு நாளைக்குக் காயும் கீரையுமாக 400 கிராம், பழம் 100 கிராம் என்று இருக்கிறது. கேட்கும்போது மலைப்பாக இருக்கும். ஒரு கொய்யா, பழக் கணக்கு முடிந்தது. மதியம் ஒரு கிண்ணம் கீரைக் கடைசல், ஒரு பொரியல், குழம்பில் நாலு துண்டு காய், ராத்திரிக்குக் கொஞ்சம் சுரைக்காய்க் கூட்டோ பீர்க்கங்காயோ. காய்க் கணக்கும் நெருங்கிவிட்டது. இதில் கடல் கடந்து வந்தது எதுவும் இல்லை. உழவர் சந்தையில் கீரைக்காரரிடமும் கூறு போட்டு விற்பவரிடமும் இத்தனையும் கிடைக்கும். காயை நறுக்கிய பிறகு கழுவாதீர்கள், வேகவைத்த தண்ணீரைக் கொட்டாதீர்கள்; தண்ணீரில் கரையும் சத்து அதோடு போய்விடும். தோல் சீவாமல் சமைக்க முடிந்ததைச் சீவாமலே சமையுங்கள்.

ஒரே ஒரு விண்ணப்பம். அடுத்த முறை ஆஸ்பத்திரியில் யாரையாவது பார்க்கப் போகும்போது ஆப்பிளை விட்டுவிட்டு ஒரு கிலோ நல்ல கொய்யா வாங்கிப் போங்கள். கையில் கொடுக்கும்போது கூச்சப்படாதீர்கள். படுத்திருப்பவருக்குச் சிறுநீரகக் கோளாறு என்றால் மட்டும், பொட்டாசியம் உள்ள பழம் கொடுக்கலாமா என்று டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.